பியோங்சாங் 2018 தொடக்க விழா: ஆட்டம் பாட்டத்த விடுங்க, ஏற்பாட்டுக்கு ஒரு ரிவ்யூ

விண்டர் ஒலிம்பிக்ஸ் தொடக்க விழாவ பத்தி எழுதுறவங்க பெரும்பாலும் டான்ஸ் எப்படி, லைட்டிங் எப்படி, கடைசியா தீபம் ஏத்துனது யாருன்னுதான் எழுதுவாங்க. நான் மேடை, லைட், ஜெனரேட்டர்னு ஈவன்ட் வேலையிலயே இருக்குற ஆளு, அதனால என் கண்ணு வேற பக்கம் போகும். வந்த ஜனம் எங்க உக்காந்துச்சு, எத்தன மணி நேரம் உக்காந்துச்சு, காத்து அடிச்சா என்ன ஏற்பாடு, நெட் போனா என்ன ஏற்பாடு, எல்லாம் முடிவான பிறகு மேலிடத்துல இருந்து புதுசா ஒன்னு சொன்னா யாரு அத தலையில போட்டுக்கிட்டாங்க, இதெல்லாம்தான் எனக்கு முக்கியம். அந்த கணக்குல பாத்தா 2018 பிப்ரவரி 9 ராத்திரி தென்கொரியாவுல நடந்த பியோங்சாங் தொடக்க விழா அளவுக்கு நான் மதிக்கிற ஏற்பாடு ரொம்ப கம்மி. முழு வீடியோவையும் பொறுமையா பாத்து, பின்னாடி என்னென்ன நடந்துச்சுன்னு வந்த செய்திகளயும் தேடிப் படிச்சுட்டுதான் எழுதுறேன். 5க்கு நாலரை தரேன், அந்த அரை எங்க போச்சுங்கறதயும் சொல்றேன்.

மொதல்ல எடத்த பத்தி தெரிஞ்சாதான் மத்தது புரியும். விழா நடந்தது பியோங்சாங் மாவட்டத்துல ஹோயெங்கேன்னு ஒரு சின்ன ஊர், டேகுவால்யோங் மலைப்பகுதி, கடல் மட்டத்துல இருந்து சுமார் 700 மீட்டர் உயரம். அந்த ஊருக்கு ஏற்கனவே இருந்த பேரு எதுக்குன்னா, பொல்லாக் மீன குளிர்காலம் பூரா கம்புல தொங்கவிட்டு, ராத்திரி உறைஞ்சு பகல்ல இளகி மறுபடி உறைஞ்சுன்னு மாசக்கணக்குல காயவிட்டு எடுப்பாங்க, கொரியாக்காரங்க அத ஹ்வாங்டேன்னு சொல்லுவாங்க. அதுக்கு வேண்டியது கடுங்குளிரும் ஓயாத காத்தும், ரெண்டுமே அங்க தாராளம். அப்படிப்பட்ட எடத்துல கூரையே இல்லாம 35,000 பேர் உக்கார்ற மாதிரி அஞ்சு பக்க ஸ்டேடியம் கட்டி ராத்திரி எட்டு மணிக்கு விழா வெச்சாங்கன்னா யோசிச்சு பாருங்க.

ஏன் கூரை போடலன்னு அப்பவே நெறைய பேர் கேட்டாங்க. மொதல்ல போட்ட பிளான்ல விழா இந்த எடத்துலயே இல்ல, பக்கத்துல அல்பென்சியா ஸ்கி ஜம்பிங் மைதானத்துல வெக்கிறதா இருந்துச்சு, அப்புறம் மாத்துனாங்க. 2014ல செலவ கொறைக்க காங்னுங் நகரத்துல ஏற்கனவே இருக்குற ஸ்டேடியத்துக்கே கொண்டு போயிடலாம்னு அரசாங்கம் பேச ஆரம்பிச்சுது, ஹோயெங்கே ஜனங்க கடுமையா எதிர்த்தாங்க. அவங்க கோவம் நியாயம்தான், 2010 போட்டிக்கு கேட்டு வான்கூவர் கிட்ட தோத்து, 2014க்கு கேட்டு சோச்சி கிட்ட தோத்து, 2011ல தென்னாப்பிரிக்காவுல டர்பன் நகரத்துல நடந்த ஓட்டெடுப்புல மூணாவது தடவையாதான் ஜெயிச்சாங்க, அவ்ளோ வருஷம் காத்திருந்த ஊருக்கு விழா மட்டும் வேற ஊர்லன்னா யாரு ஒத்துக்குவாங்க. ஆனா அந்த சின்ன ஊருக்கு நிரந்தரமா 35,000 சீட் ஸ்டேடியம் எதுக்கு? அதனால ஒலிம்பிக்ஸ் தொடக்கம், நிறைவு, பாராலிம்பிக்ஸ் தொடக்கம், நிறைவுன்னு மொத்தம் நாலே தடவ பயன்படுத்திட்டு பிரிச்சிடுற மாதிரி கட்டுனாங்க. பிரிக்கப் போற கட்டடத்துக்கு கூரையும் ஹீட்டிங்கும் போட்டா செலவு எங்கயோ போயிடும். நாலு தடவைக்கு ஒரு ஸ்டேடியமான்னு திட்டுனவங்க நெறைய, என்னய கேட்டா அது சரியான முடிவு, விழா முடிஞ்சு பல வருஷம் ஆளே இல்லாம பராமரிப்பு செலவ மட்டும் தின்னுக்கிட்டு நிக்கிற ஸ்டேடியங்கள உலகம் போதும் போதும்ங்கற அளவுக்கு பாத்தாச்சு.

ஆனா கூரை இல்லன்னு முடிவு பண்ணா, வர்ற ஆளோட ஒடம்புக்கு நீதான் பொறுப்பு. 2017 நவம்பர்ல அதே ஸ்டேடியத்துல ஒரு இசை நிகழ்ச்சி வெச்சாங்க, சோதனை ஓட்டம் மாதிரிதான் அது, நவம்பர் ஆரம்பத்து குளிருக்கே சிலருக்கு ஒடம்பு சூடு கொறஞ்சு சிகிச்சை எடுக்க வேண்டியதாப் போச்சு. பிப்ரவரில இன்னும் எவ்ளோ மோசமா இருக்கும்னு பத்திரிகையில எல்லாம் பயமுறுத்த ஆரம்பிச்சாங்க. இந்த எடத்துலதான் அந்த ஏற்பாட்டுக்குழு மேல எனக்கு மரியாதை வந்துச்சு. மூடி மறைக்கல, சமாளிச்சு பேசிட்டு விட்டுடல, நேரா வேலைய பாத்தாங்க. காத்து வர்ற பக்கம் தடுப்பு எழுப்புனாங்க, சீட்டுங்களுக்கு நடுவுல கேஸ் ஹீட்டர் வெச்சாங்க, வர்ற ஒவ்வொருத்தருக்கும் ஒரு கிட் குடுத்தாங்க. அதுல ஒரு ரெயின்கோட், குல்லா, மடியில போத்திக்க சின்ன போர்வை, சூடாகுற குஷன், கைக்கு ஒரு ஹீட் பேக், காலுக்கு ஒரு ஹீட் பேக், ஆறு அயிட்டம்.

இத சாதாரணமா எடுத்துக்காதீங்க. 35,000 பேருக்கு ஆளுக்கு ஆறுன்னா ரெண்டு லட்சத்து பத்தாயிரம் பொருள், அத வாங்கி, பை போட்டு, மலை மேல ஏத்தி, ஆளுங்க உள்ள வர்றதுக்குள்ள சேர்க்கணும். அதுலயும் குஷனையும் கால் பேக்கையும் யோசிச்சவங்க கண்டிப்பா ராத்திரி திறந்தவெளில மணிக்கணக்குல உக்காந்த அனுபவம் உள்ளவங்கதான். மேல என்ன ஜாக்கெட் போட்டாலும் குளிர் ஏறுறது கீழ இருந்து, பிளாஸ்டிக் சீட்டும் காங்கிரீட் தரையும் ஒடம்பு சூட்ட உறிஞ்சு எடுத்துடும். கால் விறைச்சா ஆளு எந்திரிச்சு போயிடுவாரு, அப்புறம் மேடைல நீ என்ன காட்டுனாலும் வேஸ்ட்டு.

நேர்மையா சொல்லணும்னா அன்னிக்கு அதிர்ஷ்டமும் சேந்துக்கிச்சு. பயந்த அளவுக்கு குளிரே இல்ல, பூஜ்யத்துக்கு கொஞ்சம் கீழதான் இருந்துச்சு, காத்தும் அடங்கியிருந்துச்சு. ரெண்டே நாள்ல, பிப்ரவரி 11ம் தேதி ஆண்கள் டவுன்ஹில் பனிச்சறுக்கு போட்டியையே காத்துக்காக தள்ளி வெச்சாங்க, மறுநாள் பெண்கள் ஜயன்ட் ஸ்லாலம்ங்கற பனிச்சறுக்கு போட்டியும் தள்ளிப் போச்சு, 14ம் தேதி காங்னுங் ஒலிம்பிக் பார்க்ல காத்து அடிச்ச அடியில ஆளுங்கள பத்திரமா உள்ள போகச் சொல்ற நெலமை. அந்த காத்து 9ம் தேதி ராத்திரி வந்திருந்தா விழாவுல ஆட்டுன பெரிய பெரிய பொம்மையெல்லாம் என்ன ஆகியிருக்கும்னு எனக்கு இப்பவும் நெனச்சா பக்குங்குது. ஆனா அதிர்ஷ்டம் வரலன்னாலும் தாங்குற மாதிரி தயாரா இருந்தாங்க பாருங்க, அதுக்குத்தான் மார்க்கு.

டிக்கெட் வெல மட்டும் எனக்கு உறுத்துது. கம்மியான டிக்கெட்டே 2,20,000 வொன் (தென்கொரியா காசு), அதிகபட்சம் 15 லட்சம் வொன், அன்னிக்கு நம்ம காசுக்கு கிட்டத்தட்ட 90,000 ரூபா. அவ்ளோ குடுத்தவரும் அதே திறந்தவெளில அதே போர்வையோடதான் உக்காந்தாரு, அப்போ தென்கொரிய ஜனாதிபதியா இருந்த மூன் ஜே-இன்னும் மத்த நாட்டு பெரிய மனுஷங்களும் கூட அதே வானத்துக்கு கீழதான் உக்காந்தாங்க, அந்த சமத்துவம் எனக்கு புடிச்சிருந்துச்சு. வெல கொஞ்சம் கொறைச்சிருக்கலாம், அவ்ளோதான்.

இப்ப நிகழ்ச்சிக்கு வரேன். ஒட்டுமொத்த பொறுப்பு சோங் சுங்-ஹ்வான், இயக்கம் யாங் ஜுங்-உங், ரெண்டு பேருமே நாடக மேடையில இருந்து வந்தவங்க, அது ஒவ்வொரு காட்சியிலயும் தெரியுது. பெய்ஜிங் 2008 மாதிரி 15,000 பேர எறக்கி மலைக்க வெக்கிற பட்ஜெட் அவங்களுக்கு கெடையாது. அதனால என்ன பண்ணாங்கன்னா, சாங்வொன்சா கோயில் மணியோட ஓசையில ஆரம்பிச்சு, பியோங்சாங் இருக்குற காங்வொன் மாகாணத்து குழந்தைங்க அஞ்சு பேரு ஒரு பயணம் போறாங்க, அவங்க கண்ணு வழியாதான் மொத்த விழாவும். பனியில இருந்து வெள்ளைப்புலி எறங்கி வருது, மனுஷங்க உள்ள நின்னு ஆட்டுற பெரிய பொம்மை அது, நடையில அப்படி ஒரு உயிர். அப்புறம் ஒவ்வொரு மிருகமா எந்திரிக்குது, மனுஷ மூஞ்சியோட இன்மியோன்ஜோன்னு ஒரு பறவை, பழைய கல்லறை ஓவியங்கள்ல இருக்குற உருவம், அது கழுத்த நீட்டி பாத்த ஒரு பார்வையில கொரியா இன்டர்நெட்டே ரெண்டு நாள் அத பத்திதான் பேசுச்சு. மொதல்ல பயமா இருக்குன்னாங்க, மறுநாள் பாசமாயிட்டாங்க.

மேடை வேலை பாக்குறவன் கண்ணுல இதுல ஒரு பெரிய புத்திசாலித்தனம் இருக்கு. கொட்டுற குளிர்ல மெஷின், ஹைட்ராலிக்ஸ், பேட்டரி எதையும் நூறு சதவீதம் நம்ப முடியாது. ஆளு கையால ஆட்டுற பொம்மை குளிர்ல ஜாம் ஆகாது, ஒருத்தர் வழுக்குனா பக்கத்துல இருக்குறவரு தாங்கிக்குவாரு. அந்த ஜாங்கு மேளக் காட்சி இன்னொன்னு, வெள்ளை உடுப்புல அடிச்சுக்கிட்டே வர்றவங்க கண் மூடி தெறக்குறதுக்குள்ள சிவப்பும் நீலமுமா மாறி கொரிய கொடியில இருக்குற அந்த சுழல் வட்டத்த தரையில கொண்டு வராங்க. எந்த மெஷினும் இல்ல, துணியும் பயிற்சியும்தான். நான் இந்த காட்சிய மட்டும் திரும்பத் திரும்ப ஓட்டி பாத்தேன், ஒரு ஆள் கூட லேட் இல்ல. அப்புறம் ஜோங்சோன் பகுதி அரிராங்ங்கற கொரிய நாட்டுப்புறப் பாட்டு பாடுற கிம் நாம்-கி ஐயா பனிக்கு நடுவுல தனிக் குரல்ல பாட, தரை பூரா பக்வீட்ங்கற தானியம் பூ பூத்த வயல் மாதிரி ஆகி, குழந்தைங்க அஞ்சு பேரும் தெப்பத்துல போற காட்சி. பியோங்சாங் பக்கம் பக்வீட் விளையுற பூமி, ஊரோட அடையாளத்த ஊர்க்காரங்களே தலைய நிமிந்து பாக்குற மாதிரி வெச்சாங்க.

அணிவகுப்புதான் எந்த ஒலிம்பிக்ஸ் விழாவுக்கும் தலைவலி. 92 நாட்டு அணிங்க, அதுவரைக்கும் எந்த விண்டர் ஒலிம்பிக்ஸ்லயும் இவ்ளோ வரல. எவ்ளோ சுருக்குனாலும் ஒரு மணி நேரத்துக்கு கொறையாம ஓடும், பாக்குறவங்களுக்கு சலிச்சிடும், குளிர் ஏற ஆரம்பிக்கிறதும் அந்த நேரத்துலதான். இவங்க அதுக்கு கண்டுபிடிச்ச வழி என்னன்னா, மேடைய சுத்தி வாலன்டியர் பசங்கள நிறுத்தி முழு அணிவகுப்பும் டான்ஸ் ஆட விட்டாங்க, கே-பாப் பாட்டு ஓடிக்கிட்டே இருக்கு, கடைசி நாடு வர்ற வரைக்கும் அந்த பசங்க நிக்கவே இல்ல, சிரிப்பும் கொறையல. பாத்துக்கிட்டிருந்த உலகமே அவங்கள பத்தித்தான் பேசுச்சு. ஜனங்களையும் எந்திரிச்சு ஆட வெக்கிறதுக்கு அது ஒரு வழி, ஆடுனா ஒடம்பு சூடாகும், இது தற்செயலா நடந்ததுன்னு நான் நம்பல.

அந்த அணிவகுப்புல நமக்கு கலங்குற ஒரு எடம் இருக்கு. மூவர்ணக் கொடிய புடிச்சுக்கிட்டு வந்தது ஷிவா கேசவன், லூஜ் வீரர் (பனிப்பாதைல சின்ன வண்டில மல்லாந்து படுத்து சறுக்குற போட்டி), அவருக்கு அது ஆறாவது ஒலிம்பிக்ஸ், கடைசியும் அதுதான். 1998 நகானோல 16 வயசுல ஆரம்பிச்சவரு. நாலு வருஷம் முன்னாடி சோச்சில இந்திய ஒலிம்பிக் சங்கம் சஸ்பெண்ட் ஆகியிருந்ததால தொடக்க விழாவுல நம்ம வீரர்கள் ஒலிம்பிக் கொடிக்கு பின்னாடிதான் நடந்தாங்க, போட்டி ஆரம்பிச்ச அப்புறம்தான் தடைய நீக்குனாங்க. அதெல்லாம் தெரிஞ்சு பாத்தா இந்த தடவ அந்த மனுஷன் கையில கொடி இருந்தது எவ்ளோ பெரிய விஷயம்னு புரியும். அவர விட்டா நம்ம அணில இன்னொருத்தர் கிராஸ் கன்ட்ரி ஸ்கியர் ஜக்தீஷ் சிங், ரெண்டே பேரு போட்டி போட்ட அணி. சிங்கப்பூர், மலேசியா ரெண்டுக்கும் அதுதான் மொதல் விண்டர் ஒலிம்பிக்ஸ், அந்த நாடுகள்ல இருக்குற நம்ம ஆளுங்களுக்கு அது ஞாபகம் இருக்கும். சட்டையே போடாம எண்ணெய் பூசிக்கிட்டு வந்த டோங்கா வீரர் பீட்டா டவுஃபடோஃபுவாவ எல்லாரும் பாத்திருப்பீங்க, நைஜீரியாவோட பாப்ஸ்லெட் (பனிச்சறுக்கு வண்டி) பெண்களையும் கொஞ்சம் பாருங்க, ஆப்பிரிக்காவுல இருந்து வந்த மொதல் பாப்ஸ்லெட் அணி அது.

கடைசியா வந்தது கொரியா, வடக்கும் தெக்கும் சேந்து ஒரே வெள்ளைக் கொடி, நடுவுல நீல நிறத்துல முழு தீபகற்பம். தெக்குல இருந்து பாப்ஸ்லெட் வீரர் வொன் யுன்-ஜோங், வடக்குல இருந்து ஐஸ் ஹாக்கி வீராங்கனை ஹ்வாங் சுங்-கும், ரெண்டு பேரும் ஒரே கம்ப புடிச்சிருந்தாங்க. இதுல அரசியல் எவ்ளோ இருக்கோ அவ்ளோ ஏற்பாட்டு வேலையும் இருக்கு. வடகொரியா வரலாம்ங்கற பேச்சே 2018 ஜனவரி 1ம் தேதி கிம் ஜோங்-உன் புத்தாண்டு உரையிலதான் வந்துச்சு. ஒண்ணா நடக்கலாம்னு ரெண்டு பக்கமும் ஒத்துக்கிட்டது ஜனவரி 17. சர்வதேச ஒலிம்பிக் கமிட்டி லோசான்ல ஓகே சொன்னது 20ம் தேதி. விழா பிப்ரவரி 9. அதாவது மூணு வாரத்துல வரிசைய மாத்தணும், உடுப்பு, கொடி, பாட்டு, உக்கார்ற எடம், பாதுகாப்பு எல்லாத்தையும் திரும்ப போடணும், அதுலயும் கிம் ஜோங்-உன்னோட தங்கச்சி கிம் யோ-ஜோங்கும் அமெரிக்க துணை ஜனாதிபதி மைக் பென்ஸும் கிட்டத்தட்ட முன்ன பின்ன வரிசையில உக்கார்ற மாதிரி வந்துச்சு. வருஷக்கணக்குல எழுதி முடிச்ச நிகழ்ச்சி நிரல்ல இவ்ளோ பெரிய விஷயத்த சொருகி, அது சொருகுனதுன்னே தெரியாம நடத்திக் காட்டுறது லேசுப்பட்ட வேலை இல்ல.

இதெல்லாம் வெளிய தெரிஞ்சது. வெளிய தெரியாதத சொன்னா இன்னும் ஆச்சரியப்படுவீங்க. விழாவுக்கு சில நாள் முன்னாடி செக்யூரிட்டி ஆளுங்க தங்கியிருந்த எடத்துல நோரோவைரஸ் பரவி வாந்தி பேதி, 1,200 பேர வேலைய விட்டு தனியா வெச்சாங்க, அவங்க எடத்துல 900 ராணுவ வீரர்கள எறக்கி கேட்ல சோதனை பண்ண விட்டாங்க. உலகமே வர்ற வாரத்துல 1,200 ஆள் இல்லன்னா எனக்கு தெரிஞ்ச பாதி ஆர்கனைசர்கள் கைய விரிச்சிருப்பாங்க.

அத விட பெருசு, விழா ஆரம்பிச்ச அந்த நேரத்துலயே நடந்த சைபர் தாக்குதல். ஒலிம்பிக் டிஸ்ட்ராயர்னு பின்னாடி பேரு வெச்ச மால்வேர், அதாவது கம்ப்யூட்டர கெடுக்குற புரோகிராம், ஏற்பாட்டுக்குழுவோட சர்வர்கள அழிக்க ஆரம்பிச்சுது. ஸ்டேடியத்துல வைஃபை போச்சு, பத்திரிகையாளர் மையத்துல டிவி ஓடல, அதிகாரப்பூர்வ வெப்சைட் விழுந்துடுச்சு, டிக்கெட் பிரிண்ட் எடுக்க முடியாம ஜனங்க முழிச்சாங்க. மேடைல குழந்தைங்களும் புலியும் வந்துக்கிட்டு இருக்கும்போது இன்னொரு எடத்துல ஐடி ஆளுங்க சர்வர்கள ஒவ்வொன்னா தூக்கி நிறுத்த போராடிக்கிட்டு இருந்தாங்க. ஒரு கட்டத்துல மொத்த நெட்வொர்க்கையும் வெளி இன்டர்நெட்ல இருந்து துண்டிச்சுட்டு, ராத்திரி பூரா தூங்காம பேக்கப்ல இருந்து கட்டி எழுப்பி, மறுநாள் காலைல எட்டு மணி வாக்குல எல்லாத்தையும் ஓட விட்டுட்டாங்க. அன்னிக்கு போட்டி எதுவும் நிக்கல. டிவில பாத்த கோடிக்கணக்கான பேருக்கு இப்படி ஒன்னு நடந்ததே தெரியாது. வடகொரியா பண்ண மாதிரி தெரியணும்னு அந்த மால்வேர்ல தடயம் வேற வெச்சிருந்தாங்க, ரெண்டு கொரியாவும் ஒண்ணா நடந்த அதே ராத்திரில, எவ்ளோ கொடூரமான எண்ணம் பாருங்க. 2020 அக்டோபர்ல ரஷ்ய ராணுவ உளவுத்துறை ஆளுங்க ஆறு பேரு மேல அமெரிக்க நீதித்துறை குற்றச்சாட்டு பதிவு பண்ணுச்சு, அதுல இந்த தாக்குதலும் ஒன்னு.

ஈவன்ட் வேலைல இருக்குறவங்களுக்கு நான் சொல்ல விரும்புறது இதுதான், மேடையும் சவுண்டும் லைட்டும் ஓடுற கன்ட்ரோல ஆபீஸ் நெட்வொர்க்கோட கலக்காதீங்க, டிக்கெட் சைட் விழுந்தாலும் விளக்கு எரியணும். பியோங்சாங்ல வைஃபை போன அதே நேரத்துல மேடைல நிகழ்ச்சி நிக்காம ஓடுச்சு.

அந்த அரை மார்க் எங்க போச்சுன்னா, ட்ரோன்ல போச்சு. இன்டெல் நிறுவனத்தோட 1,218 ட்ரோன் வானத்துல ஸ்னோபோர்ட் வீரரா மாறி, ஒலிம்பிக் வளையமா மாறுற காட்சி, டிவில பாத்தவங்க வாய பொளந்துட்டு பாத்தது, அது 2017 டிசம்பர்லயே எடுத்து வெச்ச பதிவு, கின்னஸ் சாதனை. அது தப்பே இல்ல, ஆயிரத்து சொச்சம் ட்ரோன ஒரே ராத்திரி காத்த நம்பி விட முடியாது. ஆனா ஸ்டேடியத்துல உக்காந்திருக்குறவங்களுக்கு 300 ட்ரோன் நேரா பறக்கறதா இருந்துச்சு, அது பறக்கவே இல்ல. ட்ரோன் பறக்க வேண்டிய பகுதியில ஆளுங்க நின்னுக்கிட்டு இருந்தாங்கன்னு காரணம் சொன்னாங்க. பாதுகாப்புக்காக நிறுத்துனது நூத்துக்கு நூறு சரி, அந்த முடிவ எடுத்தவருக்கு என் சல்யூட். ஆனா அந்த எடத்துல ஆளு வராம பாத்துக்கிறது கூட்டத்த கட்டுப்படுத்துறவங்க வேலை, கயிறு கட்டி நாலு வாலன்டியர நிறுத்துனா முடிஞ்சிருக்கும். 15 லட்சம் வொன் குடுத்து குளிர்ல வந்தவர் வானத்த பாக்க வேண்டிய நேரத்துல ஸ்க்ரீன பாத்தாரு. நிறைவு விழாவுல 300 ட்ரோன லைவா பறக்க விட்டு போட்டியோட சின்னமான வெள்ளைப்புலி சூஹோராங்க வானத்துல வரைஞ்சு காட்டுனாங்க, அது அந்த கூட்டத்துக்கு போய் சேர்ந்துச்சு, இந்த கூட்டத்துக்கு கெடைக்கல.

மெழுகுவர்த்தி காட்சியும் எனக்கு ஒட்டல. காங்வொன் ஜனங்க ஆயிரம் பேர் விளக்கோட நின்னு சமாதானப் புறா உருவம் ஆனது மனசுக்கு நெருக்கம்தான், ஆனா உலகம் பூரா எல்லா விழாவுலயும் பாடி தேஞ்சு போன ஒரு சமாதானப் பாட்டையே இங்கயும் பாடணுமா? கொஞ்ச நேரம் முன்னாடி தனிக்குரல்ல அரிராங் கேட்ட காதுக்கு அது வெளியூர் சாப்பாடு மாதிரி இருந்துச்சு.

ஆனா தீபம் ஏத்துன கடைசி பத்து நிமிஷத்துக்கு நான் குடுக்குற மார்க்குக்கு அளவே இல்ல. 101 நாள் நாடு பூரா சுத்தி, 7,500 பேர் கை மாறி வந்த ஜோதி. ஸ்டேடியத்துக்குள்ள ஷார்ட் டிராக் ஐஸ் ஸ்கேட்டிங் வீராங்கனை ஜுன் லீ-க்யுங் கொண்டு வந்து கோல்ஃப் வீராங்கனை பார்க் இன்பி கிட்ட குடுத்து, அவங்க 2002 உலகக்கோப்பை கால்பந்து வீரர் ஆன் ஜுங்-ஹ்வான் கிட்ட குடுத்து, அவரு ரெண்டு ஐஸ் ஹாக்கி பொண்ணுங்க கிட்ட குடுக்குறாரு, தெக்கு பார்க் ஜோங்-ஆ, வடக்கு ஜோங் சு-ஹியோன். அந்த பொண்ணுங்க ரெண்டு பேரும் ஒரே டார்ச்ச புடிச்சுக்கிட்டு அந்த செங்குத்தான சரிவுல படியேறுறாங்க பாருங்க, அந்த இருட்டுல, அந்த குளிர்ல, காலு கொஞ்சம் வழுக்குனாலும் உலகமே பாக்கும். மேல போனா ஒரு சின்ன ஐஸ் தளம், அதுல வெள்ளை உடுப்புல கிம் யுனா ஸ்கேட் பண்ணிக்கிட்டு இருக்காங்க. 2010ல ஃபிகர் ஸ்கேட்டிங்ல தங்கம் வாங்குன அந்த கிம் யுனாதான். அவங்க ஏத்துனது நேரா பெரிய கொப்பரைய இல்ல, கீழ பனி மாதிரி இருந்த அமைப்புல நெருப்பு வெக்கிறாங்க, அதுல இருந்து 30 வளையம் ஒன்னு மேல ஒன்னா எந்திரிச்சு தீய மேல கொண்டு போகுது, சியோல் 1988 ஒலிம்பிக்ஸ் நடந்து 30 வருஷம் ஆச்சுங்கறதுக்காக. மேல இருக்குறது ஜோசோன்ங்கற பழைய கொரிய ராஜவம்ச காலத்து வெள்ளை பீங்கான் ஜாடி வடிவம், நிலா ஜாடின்னு சொல்லுவாங்க.

இதுல என்ன கஷ்டம்னு கேக்குறவங்களுக்கு பழைய கதை ரெண்டு சொல்றேன். 2010 வான்கூவர்ல விழாவ கூரைக்கு கீழதான் நடத்துனாங்க, குளிர் பிரச்சனையே இல்ல, அப்படியும் தரைல இருந்து எழும்ப வேண்டிய நாலு தூண்ல ஒன்னு எழும்பவே இல்ல, ஸ்பீட் ஸ்கேட்டர் கேட்ரியோனா லமே டோன் கையில டார்ச்சோட ஏத்த எடமில்லாம நின்னாங்க. 2014 சோச்சில அஞ்சு பனித்துகள் வளையமா விரியணும், அஞ்சாவது விரியல, ரஷ்ய டிவி ஒத்திகை காட்சிய போட்டு சமாளிச்சுது. 1994 லில்லஹாமர்ல ஸ்கி ஜம்ப் பண்ணிக்கிட்டே டார்ச்ச கொண்டு வர்ற பிளான், அதுக்கு வெச்சிருந்த வீரர் ஒத்திகையில விழுந்து அடிபட்டுட்டாரு, மாத்து ஆளா இருந்த ஸ்டெய்ன் க்ரூபென் குதிச்சு காட்டுனாரு, மாத்து ஆள் வெச்சிருந்ததாலதான் அந்த விழா பொழச்சுது. பியோங்சாங்ல திறந்தவெளி, ஐஸ், 30 வளையம், ரெண்டு நாட்டு பொண்ணுங்க, ஒன்னும் பிசகல.

பாக்க போறவங்களுக்கு ஒரு வழி சொல்றேன். ஒலிம்பிக்ஸோட யூடியூப் சேனல்ல தேடி பாருங்க, ரெண்டு மணி நேரத்துக்கு மேல ஓடும். நேரம் இல்லன்னா ஆரம்பத்துல மணி அடிக்கிறதுல இருந்து மேளக் காட்சி வரைக்கும் விடாம பாத்துட்டு, அணிவகுப்புல கிரீஸ், கானா, இந்தியா, கடைசியா கொரியா மட்டும் பாத்துட்டு, தலைவர்களோட பேச்ச தாண்டி, ஹ்வாங் சு-மி அம்மா ஹான்போக்ங்கற கொரிய பாரம்பரிய உடுப்புல வந்து பாடுற ஒலிம்பிக் கீதத்துல மறுபடி புடிங்க, அங்க இருந்து முடிவு வரைக்கும் நிறுத்தாதீங்க. காட்சிய பாக்கும்போது அப்பப்ப பின்னாடி ஸ்டாண்ட்ல இருக்குற ஜனங்களையும் பாருங்க, குல்லாவும் போர்வையுமா கடைசி வரைக்கும் உக்காந்திருக்காங்க. கொரியா போற பிளான் இருந்தா சியோல்ல இருந்து கேடிஎக்ஸ் அதிவேக ரயில்ல ஜின்பு ஸ்டேஷன் வந்து ஹோயெங்கேக்கு போகலாம், ஸ்டேடியத்த பிரிச்சாச்சு, ஆனா தீபம் எரிஞ்ச அந்த கொப்பரையும் நினைவு மண்டபமும் இருக்கு. குளிர்காலத்துல போனீங்கன்னா காலுக்கு நல்ல சாக்ஸ் போட்டுக்கிட்டு போங்க.